அரிசி யாரோடு வந்தது?

ஆய்வகத்தில் புதிதாகச் சேர்ந்திருக்கும் உங்களிடம் இயந்திரத்தைப் பற்றிப் பேச எனக்கு ஒன்றுமில்லை. அதை விற்றவர்களே பயிற்சியும் பிரியாணியும் போட்டு விளக்கியிருப்பார்கள். ஒரு பாட்டில் குளத்துத் தண்ணீரைக் கொடுத்தால் போதும், அதில் மீன் விட்டுச்சென்ற செதில், தவளையின் சளி, பாசி, அன்று காலை அந்தப் பக்கம் கால் கழுவிய ஆடு என்று எல்லாவற்றின் டி.என்.ஏ.வையும் அது படித்துச் சொல்லிவிடும். மிகவும் நல்லது. ஆனால் அந்த பாட்டிலைக் கொண்டுவரும் மனிதர் ஒரே ஒரு கேள்விதான் கேட்பார். யார் செய்தது? காவல் நிலையத்துக்கும் நம் ஆய்வகத்துக்கும் வித்தியாசம் தெரியாமல்தான் அவர் படியேறி வருவார். என்றாவது ஒரு நாள் அந்த வித்தியாசம் உங்களுக்கும் மறந்துபோகும். அன்றைக்கு உதவட்டும் என்று இதை எழுதுகிறேன்.

அப்போது எங்கள் ஆய்வகம் காஞ்சிபுரத்தில், ஒரு பட்டுப்புடவைக் கடை காலி செய்துவிட்டுப் போன மாடியில் இருந்தது. கடை போனாலும் வாசலில் இருந்த கல்யாணப் பெண் படம் போகவில்லை. அதை எடுக்க வேண்டியது கட்டிட உரிமையாளரா, நாங்களா, பொதுப்பணித் துறையா என்பது குறித்து நான் ஓய்வு பெறும்வரை கடிதப் போக்குவரத்து நடந்துகொண்டிருந்தது. அதனால் முகூர்த்த மாதங்களில் குடும்பம் குடும்பமாக ஜனங்கள் மேலே ஏறி வந்து, செருப்பைக் கழற்றிவிட்டு, மைக்ரோஸ்கோப் எதிரே உட்கார்ந்து காப்பி வரும் என்று காத்திருப்பார்கள். எங்கள் டெக்னீஷியன் செல்வம் இளகிய மனசுக்காரர். சில சமயம் காப்பியும் வந்துவிடும்.

நான் அங்கே நிர்வாகமும் தரக்கட்டுப்பாடும் பார்த்தேன். விதிமுறைப் புத்தகத்தைத் தலையணையாக வைத்துத் தூங்குகிறேன் என்று சொல்வார்கள். தலையணையாக அது சரிப்படாது, அட்டை குத்தும்.

தெப்பத் திருவிழாவுக்குச் சில நாட்கள் இருக்கும்போது ஒரு கோயிலின் நிர்வாக அதிகாரி போன் செய்தார்.

"மேடம், குளத்துல மீனெல்லாம் காலங்காத்தால மேல வந்து வாயைத் தொறந்துக்கினு நிக்குது. சிலது செத்தும் மிதக்குது. தெப்பம் வருது, பெரிய மனுஷங்கல்லாம் வராங்க. கெளுத்திதான் காரணம். ஆப்பிரிக்கக் கெளுத்தி. எவனோ கொண்டாந்து விட்டுட்டான்."

"பரிசோதனை பண்ணிப் பார்த்துச் சொல்றோம் சார்."

"பார்க்கிறதுக்கு என்ன மேடம் இருக்குது? அதுதான்னு நானே சொல்லிட்டேனே. நீங்க ஒரு சர்டிஃபிகேட் மட்டும் குடுங்க."

இதை நீங்கள் நிறையக் கேட்பீர்கள். தீர்ப்பு அவர்கள் கையில் தயாராக இருக்கும், நம்மிடம் முத்திரைக்குத்தான் வருவார்கள்.

சர்டிஃபிகேட்டுக்குக் காத்திராமல் அவர் வலை போட்டார். நாள் முழுக்கத் தேடி ஒரே ஒரு கெளுத்தி கிடைத்தது. அதுவும் கொஞ்சம் நோஞ்சான். அதைத் தட்டில் வைத்து, பக்கத்தில் அதிகாரி நின்று, புகைப்படம் எடுத்தார்கள். மறுநாள் காலை மீன்கள் வழக்கம்போல மேலே வந்து வாயைத் திறந்தன. கெளுத்தி போன சந்தோஷம் அவற்றிடம் தெரியவில்லை.

ஆனால் ஒரு குற்றவாளி கைவிட்டுப் போனால் அடுத்தவரைத் தேடுவதுதானே நடைமுறை. குளத்துப் படிக்கட்டில் ராணி என்ற பெண் பொரி விற்றுக்கொண்டிருந்தார். பக்கத்து ஓரிக்கைக்காரர். ஜனங்கள் அவரிடம் பொரி வாங்கி மீனுக்குப் போடுவார்கள். அதிகாரியின் பார்வை பொரியின் மேல் விழுந்தது. பொரி அழுகித்தான் தண்ணீர் கெட்டது, தெப்பத்துக்கு முன்னால் கடையைக் காலி செய்ய வேண்டும், ஆய்வக அறிக்கை வந்ததும் நோட்டீஸ் என்று வாய்மொழியாகச் சொல்லிவிட்டார்.

அன்று மத்தியானமே ராணி இடுப்பில் பொரிக்கூடையோடு எங்கள் மாடிக்கு வந்தார். ஏற்கெனவே புடவைக்காக உட்கார்ந்திருந்த ஒரு குடும்பம் அவருக்கு இடம் விட்டது.

"இன்னாமா, உங்க மிஷினுக்கு என் மேல இன்னா கோவம்?"

"இன்னும் மிஷினைப் போடவே இல்லம்மா."

"போடாமலே என் பேரு வந்துட்ச்சா? போட்டா இன்னா ஆவும்?" கூடையை மேசைமேல் வைத்தார். அது எங்கள் சுத்தமான மேசை. "தெப்பத்துக்கு வர்ற கூட்டத்த நம்பித்தான்மா வருஷம் பூரா அந்தப் படியில குந்திக்கினு இருக்கிறேன். அன்னிக்கு இடத்த வுட்டுட்டா அடுத்த நாளு வேற எவனாவது டெல்லி அப்பளம் போட்டுடுவான். அப்புறம் எனக்கு அந்தப் படி இல்ல."

"தண்ணியில என்ன இருக்குதோ அதைத்தான் எழுதுவோம்."

"இன்னா இருக்குதோ எழுது. ஆனா எல்லாத்தியும் எழுது. என்னிய மட்டும் எழுதாத."

கோபத்தில் சொன்னதுதான். அந்த நேரத்தில் எனக்கும் அது கோபமாகத்தான் கேட்டது.

தண்ணீர் எடுத்து வந்தோம். இனி நடந்தது எங்கள் தொலைநோக்கால் நடந்தது என்று நினைத்துவிடாதீர்கள். கெளுத்தி இருக்கிறதா என்று மட்டும் பார்க்கும் தனிப் பரிசோதனை மருந்துக்கு ஆர்டர் போட்டிருந்தோம். கொள்முதல் பிரிவு அதை வாங்குவதா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது. கையில் இருந்தது வேறொரு திட்டத்தில் மிஞ்சிய பொது மருந்துகள். விலங்கு, செடி, நுண்ணுயிர் என்று எதிர்ப்பட்டதையெல்லாம் படிப்பவை. காலாவதியாகப் போகிறது, வீணாக்கினால் தணிக்கையில் கேட்பார்கள் என்பதால் அவற்றைப் போட்டோம். ஒற்றை இனத்தை விட்டு முழுக் குளத்தையும் பார்க்கும் உயர்ந்த நிலைக்கு நாங்கள் வந்து சேர்ந்த வழி இதுதான். பின்னாளில் கருத்தரங்குகளில் இதைக் கொஞ்சம் வேறு மாதிரி சொல்லியிருக்கிறோம்.

முதல் முடிவைப் பார்த்துவிட்டுக் கார்த்திக் ஓடி வந்தான். ஒப்பந்த ஆராய்ச்சியாளன், உங்கள் வயது, உங்களைப் போலவே வேகம்.

"மேடம், ரைஸ் கன்ஃபர்ம்! செம ஹெவியா வருது. பொரிதான். ரிப்போர்ட் டைப் பண்ணிடட்டுமா?"

எங்கள் தலைமை விஞ்ஞானி ஓரமாக உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் அவருக்குக் கோபம் வரும், சொல்லாவிட்டாலும் வரும். வாலாஜாபாத் பக்கத்து விவசாயக் குடும்பம். எத்தனை பட்டம் வாங்கினாலும் பேச்சை மட்டும் அவர் எந்தப் பல்கலைக்கழகத்திலும் விட்டுவிட்டு வரவில்லை.

"ஏம்பா, அரிசி டி.என்.ஏ.ல பொரின்னு பேரு எழுதி இருக்குதா?"

"இல்ல சார். ஆனா குளத்துக்கிட்ட வேற என்ன ரைஸ் ஐட்டம் சார் இருக்கு?"

"அது எனக்குத் தெரியாது. அரிசி தனியா வராது. யாரோட வந்துக்கினு இருக்குது, அதப் பாரு."

இந்த ஒரு வாக்கியத்துக்காகத்தான் இவ்வளவு நீளம். எந்த உயிரின் பெயர் கிடைத்தாலும் அதைக் கையும் களவுமாகப் பிடித்த மாதிரி துள்ளாதீர்கள். அது யாரோடு வந்தது என்று கேளுங்கள்.

கார்த்திக் பட்டியலை முழுக்க விரித்தான். நான் கருவூலத்துக்குப் போய்விட்டுத் திரும்பும்போது ஆய்வகமே கலவர பூமியாக இருந்தது. எல்லோருடைய டிபன் பாக்ஸ்களும் மேசையில் வரிசையாகத் திறந்து கிடந்தன. கார்த்திக் கையுறை போட்டுக்கொண்டு ஒவ்வொன்றாக முகர்ந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

"என்னப்பா நடக்குது?"

"கன்டாமினேஷன் மேடம். யாரோ சாம்பிள் பக்கத்துல டிபன் சாப்பிட்டிருக்காங்க. அரிசியோட உளுந்து வருது, மிளகு வருது, சீரகம் வருது, இஞ்சி வருது. மாடு, எருமை ரெண்டும் வருது. மாவு புளிக்க வைக்கிற பாக்டீரியா எக்கச்சக்கமா வருது."

செல்வம் அழாத குறை. "மேடம், நான் இன்னிக்கு எலுமிச்சை சாதம். மோந்து பார்த்துட்டு மூடக்கூட மாட்றான் இவன்."

"எலுமிச்சை லிஸ்ட்ல இல்ல. நீங்க க்ளியர் செல்வம் அண்ணே," என்றான் கார்த்திக் பெருந்தன்மையாக.

தலைமை விஞ்ஞானி தன் டிபன் பாக்ஸையும் வரிசையில் வைத்திருந்தார். உள்ளே வெறும் கடலைத் தோல்.

நான் ஒரு கேள்விதான் கேட்டேன். "வெறும் தண்ணி பாட்டில் என்ன சொல்லிச்சு?"

ஒவ்வொரு முறையும் குளத்து நீரோடு ஒரு பாட்டில் சுத்தமான நீரையும் சேர்த்து ஓட்ட வேண்டும் என்பது விதி. நம் கை, வாய், டிபன் ஆகியவற்றின் பாவம் எதுவாயிருந்தாலும் அதிலும் வந்துவிடும். கார்த்திக் போய்ப் பார்த்தான். வெறும் தண்ணீர் வெறும் தண்ணீராகவே இருந்தது. ஆக, டிபன் சாப்பிட்டது குளம்தான். விதிமுறைகளைக் கிண்டல் செய்பவர்கள் அன்று யாருடைய டிபனையும் முகர்ந்திருக்க வேண்டியதில்லை.

"இன்னொண்ணு இருக்கு மேடம்," என்றான் கார்த்திக், இப்போது கொஞ்சம் மெதுவாக. "மந்தாரை. மரம். குளத்துப் பக்கம் மந்தாரை மரமே கிடையாது."

தலைமை விஞ்ஞானி கடலையைக் கீழே வைத்தார். செல்வம் அவரைப் பார்த்தார். நான் செல்வத்தைப் பார்த்தேன். காஞ்சிபுரத்தில் இதற்குமேல் துப்பு வேண்டுமா? மூங்கில் கூடையில் மந்தாரை இலையைப் பரப்பி, மிளகும் சீரகமும் சுக்கும் நெய்யும் போட்ட மாவை ஊற்றி வேகவைக்கும் இட்லி எங்கே கிடைக்கும் என்று இந்த ஊரில் பிறந்த குழந்தைக்குத் தெரியும்.

"கோயில் இட்லி," என்றார் செல்வம், கன்னத்தில் போட்டுக்கொண்டே.

நேரில் பார்க்காமல் எழுதுவதில்லை என்று நானும் கார்த்திக்கும் குளத்துப் படியில் போய் உட்கார்ந்தோம். காத்திருக்கவே வேண்டியிருக்கவில்லை. வெளியூர்க் குடும்பம் ஒன்று பிரசாதக் கடையிலிருந்து இட்லியோடு வந்தது. பஞ்சு மாதிரி இருக்கும் என்று எதிர்பார்த்து வந்தவர் போலிருக்கிறது, கணவர் ஒரு வாய் வைத்தார்.

"என்னடி இது? இட்லின்னாங்க. கஷாயத்தைக் கெட்டியாக்கிக் குடுத்திருக்காங்க."

"பிரசாதங்க. வாயைக் கழுவுங்க."

"அப்ப நீ சாப்பிடு."

அந்த அம்மாளும் ஒரு வாய் வைத்தார். மிளகு தன் வேலையைச் செய்தது. இருமிவிட்டு, சுற்றிப் பார்த்தார். பக்கத்தில் குப்பைத் தொட்டி இருந்தது.

"அதுல போட்டா பாவம்."

"பின்ன?"

இருவரும் ஒரே நேரத்தில் மீன்களைப் பார்த்தார்கள். மீதி இட்லி முழுசாகக் குளத்தில் விழுந்தது. கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். பாவம் கழிந்து புண்ணியமும் சேர்ந்த நிம்மதியோடு அவர்கள் போக, அடுத்த குடும்பம் வந்தது.

கார்த்திக்கின் கண்கள் மின்னின. "மேடம், கேஸ் முடிஞ்சுது. இட்லிதான் கல்ப்ரிட்!"

நான் தலையில் கை வைத்துக்கொண்டேன். கெளுத்தியை இறக்கிவிட்டுப் பொரியை ஏற்றினார்கள், இப்போது பொரியை இறக்கிவிட்டு இட்லியை ஏற்றுகிறான். குற்றவாளிக் கூண்டு அப்படியேதான் இருக்கிறது. இட்லியும் ஒற்றை ஆள் இல்லை என்பதை அவனே படித்திருந்தான். அரிசி, உளுந்து, இரண்டு வகை மாடு, ஒரு மரம், பெயர் வாயில் நுழையாத பாக்டீரியாக்கள் சேர்ந்த கூட்டுக் குடும்பம் அது.

அறிக்கையைத் தரத் தலைமை விஞ்ஞானியும் நாங்கள் இருவரும் குளத்துக்கே போனோம். அதிகாரி மண்டப நிழலில் நாற்காலி போட்டிருந்தார். கூப்பிடாமலே ராணியும் வந்து நின்றார், கூடையோடு. நான் தடுப்பதற்குள் கார்த்திக் முந்திக்கொண்டான்.

"சார், பொரி இன்னொசன்ட். இட்லிதான்."

"பார்த்தியா சார்!" ராணியின் குரல் கோபுரத்துப் புறாக்களைக் கிளப்பியது. "இட்லியப் புடிச்சு உள்ள போடு! அதுக்கு நோட்டீஸ் குடு!"

அதிகாரியின் முகம் வெளுத்தது. "ஐயோ, மெதுவா பேசும்மா. பெருமாள் பிரசாதம். மேடம், இதை எழுதிட்டீங்களா? எழுதிட்டா நான் எங்க போறது? பிரசாதத்தால மீன் செத்துச்சுன்னு டி.வி.ல போட்டான்னா?" குரலைத் தாழ்த்தினார். "அரிசின்னு மட்டும் போட்டுடுங்களேன். பொய் இல்லையே அது. மீதியை நான் பார்த்துக்கிறேன்."

பொய் இல்லைதான். அந்த ஒரு சொல்லை எழுதினால் போதும், அது நேராகப் போய் ராணியின் கூடையில் உட்கார்ந்துவிடும். ராணிக்கும் புரிந்துவிட்டது. எங்கள் முகங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். எல்லாத்தையும் எழுது என்று அன்று மாடியில் அவர் சொன்னது வெறும் கோபமில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

தலைமை விஞ்ஞானி படியில் உட்கார்ந்தார்.

"சார், செவிலிமேடு போற டவுன் பஸ்ஸு காலையில பார்த்திருக்கீங்களா? மூச்சு வுட முடியாது. அதுக்கு யாரு காரணம்? கடைசியா ஏறினவரா? குண்டா இருக்கிறவரா? மூட்டை வச்சிக்கினு இருக்கிற ஆயாவா?"

அதிகாரி உண்மையாகவே யோசித்தார். "கண்டக்டர்," என்றார்.

இந்தப் பதிலுக்கு எங்கள் தலைவர் தயாராக வரவில்லை என்பது எனக்குத் தெரியும். ஆனால் சுதாரித்துக்கொண்டார்.

"ரொம்ப சரி. இங்க கண்டக்டர் நீங்க."

பிறகு அவர் குளத்தைக் காட்டிக் காட்டிப் பேசினார். திருப்பணியின்போது அடியில் சிமெண்ட் போட்டது யார்? கோயில். சேறு போனதும் சேற்றிலிருந்த நத்தையும் மட்டியும் புழுவும் போயின. விழும் சோற்றைத் தின்று தீர்த்தது அந்தக் கூட்டம்தான். கரையிலிருந்த மரத்தைத் தேர் திரும்ப இடைஞ்சல் என்று வெட்டினார்கள். நிழல் போய்ப் பாசி கொழுத்தது. இட்லியும் பொரியும் விழ விழ இன்னும் கொழுத்தது. பகலில் காற்று கொடுக்கும் பாசி இரவெல்லாம் அதைத் திருப்பி வாங்கிக்கொள்கிறது. அழுகுவதும் தன் பங்குக்கு வாங்குகிறது. விடியும்போது மீனுக்கு மிச்சமில்லை.

"அதனால யாரையும் இறக்கி வுட வேணாம் சார். எல்லாரையும் கொஞ்சம் தள்ளிக் குந்தச் சொல்லுங்க."

அதிகாரிக்குப் புரிந்தது. ஆனால் புரிவது வேறு, கோப்பு வேறு. "நீங்க சொல்றதெல்லாம் சரி சார். ஆனா நோட்டீஸ்னு ஒண்ணு குடுத்தாகணுமே. மேல சொல்லிட்டேன். பாசிக்கும் மரத்துக்கும் சேர்த்து நோட்டீஸ் குடுக்க ரூல் இல்லையே. ஒரே ஒரு பார்ட்டிதான் இருக்கணும்."

விஞ்ஞானம் இந்த இடத்தில் கைகட்டி நிற்கும். இங்கேதான் என்னைப் போன்றவர்களுக்கு வேலை.

"சார், குளம் யார் பேர்ல இருக்குது?"

"பெருமாள் பேர்ல."

"அப்ப சொத்துக்காரருக்குத்தான் நோட்டீஸ் போகணும். வாடகைக்குக் குந்தியிருக்கிறவங்களுக்குத் தனித்தனியா குடுக்கிற வழக்கம் இல்லை."

"பெருமாளுக்கு நோட்டீஸா?"

"அவர் சார்பா கையெழுத்துப் போட்டு வாங்கறவர் ஒருத்தர் இருப்பாரே."

அதிகாரி சுற்றும்முற்றும் பார்த்தார். அந்த இடத்தில் அவரைத் தவிர யாரும் அந்தப் பதவியில் இல்லை.

"நான்தான்," என்றார்.

"அப்ப நீங்களே அனுப்பி நீங்களே வாங்கிக்கலாம். தபால் செலவுகூட இல்லை."

ராணி சிரித்த சிரிப்பில் கூடையிலிருந்து பொரி சிதறியது. கார்த்திக் பாய்ந்து அது தண்ணீரில் விழாமல் பிடித்தான். அவன் அந்த ஆண்டு செய்த மிக நேரடியான சூழலியல் பணி அதுதான் என்று நினைக்கிறேன்.

அதிகாரி தமக்குத் தாமே நோட்டீஸ் கொடுத்துக்கொண்டதில் ஒரு நன்மை, மறுபேச்சு இருக்கவில்லை. பொரிக்கடை அம்மாள் காலி செய்ய வேண்டியதில்லை, மேல் படிக்கு நகர்ந்தால் போதும் என்று எழுத்தில் வந்தது. மீனுக்கு எதுவும் போடக் கூடாது. இட்லி பாதித் துண்டாகவும் கிடைக்கும், மிஞ்சியது கோசாலைக் கூடைக்கு. தெப்பம்வரை மோட்டார் வைத்து, காற்று கலக்கும்படி தண்ணீரைப் பீய்ச்சி அடித்தார்கள். பச்சைத் தண்ணீரில் ஒரு பகுதியை வெளியேற்றி நல்ல தண்ணீர் விட்டார்கள். திருவிழா முடிந்த பிறகு தென்னேரி ஏரியிலிருந்து சேறு கொண்டுவந்து தொட்டிகளில் இட்டு மூலையில் இறக்கினோம். வேண்டாத எதுவும் கூட வருகிறதா என்று முதலில் அதையும் முழுசாகப் படித்துவிட்டுத்தான். "சுத்தம் பண்ண குளத்துல சேத்தைக் கொட்டறதுக்கு நான் எந்தத் தலைப்புல டெண்டர் விடறது?" என்று அதிகாரி என்னைக் கேட்டார். தலைப்பு கண்டுபிடித்துக் கொடுத்தேன். அதை இங்கே எழுதினால் தணிக்கை மறுபடி திறக்கும்.

குளத்து முடிவுகளை வண்ண வண்ணப் பட்டைகளாகப் போட்ட வரைபடத்தைக் கார்த்திக் சுவரில் ஒட்டினான். அந்த வாரமே ஒரு கல்யாணக் குடும்பம் அதன்முன் நின்றுவிட்டது. "இந்த பார்டர்ல ஒண்ணு எடுத்துப் போடுங்க," என்றார் பெண்ணின் தாயார். "அது இட்லிங்க," என்றான் கார்த்திக். கோபித்துக்கொண்டு இறங்கிப் போய்விட்டார்கள். பட்டைகளில் எது பெரிது என்று மட்டும் பார்ப்பவர்களைவிட, பக்கத்துப் பட்டையோடு சேர்த்துப் பார்த்த அந்த அம்மாளுக்கு நம் துறையில் எதிர்காலம் இருந்தது.

தெப்பத்தன்று சாயங்காலம் நான் போனேன். தண்ணீர் இன்னும் பச்சைதான், ஆனால் மீன்கள் அடியில் தங்கள் வேலையைப் பார்த்துக்கொண்டிருந்தன. மேல் படியில் ராணியின் கடையைச் சுற்றி மொய்த்துக்கொண்டிருந்தது கூட்டம்.

"மீனுக்கு இல்லப்பா, மீனு டயட்ல இருக்குது! உனக்குத்தான், நீ துன்னு! ஏம்மா, கொழந்தைக்குக் குடு, கொளத்துக்குக் காட்டாத!"

அதிகாரி வேட்டி சட்டையில், பெரிய மனிதர்களை உட்கார வைத்துவிட்டு, ஒரு பொட்டலம் பொரி வாங்கிக்கொண்டு படியில் இறங்கி நின்றார். தெப்பம் அசைந்து வந்தது. எல்லோரும் கைகூப்பினார்கள். அவரும் கும்பிட்டார். பிறகு பல ஆண்டுப் பழக்கத்தில், பொட்டலத்தைப் பிரித்து ஒரு கைப்பிடி அள்ளித் தண்ணீரை நோக்கிக் கையை ஓங்கினார்.

"கண்டக்டர் சார்!"

நாதஸ்வரத்தையும் மீறி அந்தக் குரல் கேட்டது. அதிகாரியின் கை அந்தரத்தில் நின்றது. மீன்கள்கூட நின்றிருக்கும்.

"கைய உள்ள வையி சார்!"

அவர் திரும்பி மேல் படியைப் பார்த்தார். பிறகு கையிலிருந்ததை வாயில் போட்டு மென்றார்.